முழுக்கை ஜாக்கெட்

செஞ்சி
4.5.2025

அன்புள்ள அண்ணனுக்கு,

எழில் எழுதுவது. நான் நலம் என்று எழுதத்தான் கை போகிறது. நாலு வருஷப் பழக்கம். அதனால் மற்றவர்கள் நலத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். அம்மாவுக்கு முழங்கால் வலி அப்படியேதான் இருக்கிறது. நம் தொண்டூர்க் கிணற்றில் தண்ணீர் இறங்கிவிட்டதால் இந்தப் பட்டம் மல்லாட்டை விதைக்கவில்லை. ஆனால் உனக்குப் பெண் அமைந்த சந்தோஷத்தில் வீட்டுக்கு வெள்ளையடித்து, வாசலில் புது லைட்டும் போட்டிருக்கிறாள். கல்யாணம் ஆவணியில்தானே, இப்போதே எதற்கம்மா என்று கேட்டால், வருகிறவர்கள் எல்லாம் அந்த லைட்டைப் பார்க்கத்தான் வருகிறார்கள் என்கிறாள்.

போனில் தினமும் முகத்தைக் காட்டுகிறவள் எதற்குக் கடிதம் எழுதுகிறாள் என்று நினைப்பாய். என் போன் உன் மாப்பிள்ளை கையில்தான் இருக்கிறது. நான் யாரோடு பேசினாலும் அவருக்குத் தெரியும். பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் தையல் கடை வைத்திருக்கும் ஜெஸிமா அக்கா, தன் போனைக் கொடுத்து உன்னோடு பேசச் சொன்னார். நான்தான் வேண்டாம் என்றேன். உன் குரலைக் கேட்டால் என் வாய் தானாக, "நல்லாத்தான் இருக்கேன்ணா, நீ சாப்டியா" என்று சொல்லிவிடும். எழுதும்போது அந்த வாய்க்கு வேலையில்லை.

உன் மாப்பிள்ளை என்னை அடிக்கிறார் அண்ணா.

எழுதிவிட்டேன். இனி மீதியையும் எழுதலாம். எங்கள் 'தணிகை எழில் இல்லம்' சேனலில் நீ பார்க்கிற வீடியோக்கள் எல்லாம் உண்மையாக எடுத்தவைதான். அவர் எனக்கு ஊட்டிவிடுவது, பூ வைத்துவிடுவது எல்லாம் நடந்ததுதான். கேமராவை அணைத்த பிறகு நடப்பதுதான் அதில் வராது. நான் சரியாகச் சிரிக்கவில்லை என்றால் அடி. கமெண்ட்டில் யாராவது, அக்கா முகம் வாடியிருக்கிறதே என்று அக்கறையாக எழுதிவிட்டால் அன்றைக்கு இன்னும் நல்ல அடி. அந்த அக்கறைக்காரிகளுக்கு அது தெரியாது, பாவம். தொடக்கத்தில் எனக்கும் அதெல்லாம் பிடித்துத்தான் இருந்தது, இல்லை என்று சொல்லமாட்டேன். கடைத்தெருவில் நாலு பேர் திரும்பிப் பார்த்தால் யாருக்குத்தான் பிடிக்காது?

பொங்கலுக்குப் போனபோது அம்மாவிடம் சொன்னேன். அம்மா அழுதாள். பிறகு செல்லப்பன் மாமாவையும் இன்னும் இரண்டு பெரியவர்களையும் எங்கள் வீட்டுக்கே பேச அனுப்பினாள். உன் மாப்பிள்ளை அவர்களை வாங்க வாங்க என்று உட்கார வைத்து, டீவியில் எங்கள் வீடியோக்களை வரிசையாக ஓடவிட்டார். அடுப்பில் கறிக்குழம்பு கொதித்துக்கொண்டிருந்தது. நான் பேச ஆரம்பிப்பதற்குள் செல்லப்பன் மாமா டீவியைக் காட்டி, "இன்னாம்மா இது, இப்படி வெச்சித் தாங்கறவன் இந்தச் சுத்துவட்டாரத்துலயே எவன் இருக்கான்? ஊரே பாக்குது" என்றார். சாப்பிட்டுவிட்டு, குழம்பு நன்றாக இருக்கிறது என்று சொல்லிவிட்டுப் போனார்கள். அன்று மாலை அந்தக் குழம்புக்கும் சேர்த்து வாங்கினேன்.

அண்ணா, அம்மாவால் ஆகாது. நீ வரவேண்டும், இல்லையென்றால் நீ ஒரு வார்த்தை சொல்லவேண்டும். எழில் இனி நம் வீட்டில் இருக்கட்டும் என்று நீ சொன்னால் மாமா கேட்பார், ஊர் கேட்கும். ஜெஸிமா அக்கா கடை விலாசத்துக்குப் பதில் போடு. என் வீட்டுக்குப் போட்டுவிடாதே.

உன் தங்கை,
எழில்

---

மஸ்கட்
22.5.2025

அன்புத் தங்கை எழிலுக்கு,

அண்ணன் சிவசங்கர் ஆசியோடு எழுதுவது. இங்கே வெயில் மண்டையைப் பிளக்கிறது. இந்த மாதம் ஏசி ரிப்பேர்க்காரனுக்கு மூச்சுவிட நேரமில்லை. கையால் எழுதிய கடிதம் வந்ததும் கேம்ப்பில் எல்லோரும் கூடிவிட்டார்கள். பெண் வீட்டிலிருந்தா என்று கேலி வேறு. குளியலறைக்குள் போய் நின்றுதான் படித்தேன். படித்து முடித்ததும் கோபம் வந்தது. யார் மேல் என்று முதலில் புரியவில்லை. கொஞ்ச நேரம் கழித்து, உன் மேல்தான் என்று தெரிந்தது.

கோபித்துக்கொள்ளாதே அம்மா. போன சனிக்கிழமை வீடியோவில் மாப்பிள்ளை உனக்குக் கால் பிடித்துவிடுகிறார். நம் நைனா இருந்தவரை அம்மாவுக்கு ஒரு சொம்புத் தண்ணீர் மொண்டு கொடுத்து நீ பார்த்திருக்கிறாயா? எந்த வீட்டில் சண்டை இல்லை? ஒரு கோபத்தில் கை நீண்டிருக்கும், தப்புதான், நான் நியாயம் பேசவில்லை. ஆனால் நீ எழுதியிருப்பதைப் படித்தால் அவர் வேறு ஆள் போலத் தெரிகிறார். எந்த ஆளை நான் நம்புவது? ஒருவரைக் கண்ணால் பார்க்கிறேன், இன்னொருவரைக் காகிதத்தில் படிக்கிறேன்.

இன்னொன்றும் நினைத்துப் பார். பனமலைக்காரர்கள் நம் வறண்ட கிணற்றைப் பார்த்தா பெண் கொடுக்கிறார்கள்? அன்புக்கரசி உன் வீடியோக்களை ஒன்று விடாமல் பார்க்கிறவளாம். நிச்சயத்தன்று அவள் அப்பா எல்லோர் முன்னாலும் என்ன சொன்னார்? "தங்கச்சிய இவ்ளோ நல்லா வெச்சிருக்கிற குடும்பம், நம்ம பொண்ணும் நல்லாத்தான் இருக்கும்." எனக்கு முப்பத்து மூன்று வயது முடிந்துவிட்டது எழில். எத்தனை இடம் வந்து எத்தனை இடம் போனது என்று உனக்கே தெரியும்.

கல்யாணம் முடியட்டும். பிறகு நானே உட்கார்ந்து பேசுகிறேன். அதுவரை சும்மா இருக்க மனம் கேட்காமல், நேற்று மாப்பிள்ளைக்கு ஒரு போன் போட்டேன். உன் கடிதத்தைப் பற்றி மூச்சு விடவில்லை. "தங்கச்சி செல்லமா வளந்தவ, கொஞ்சம் பாத்துக்குங்க மாப்ள" என்று நாசூக்காகச் சொன்னேன். அவர் சிரித்தார். கல்யாணத்தைத் தங்கள் சேனலில் போட ஆசைப்படுவதாகச் சொன்னார். நானும் சரி என்றேன். பெண் வீட்டாருக்கும் அதில் ரொம்பப் பெருமை.

மனதைப் போட்டுக் குழப்பிக்கொள்ளாதே. வேளைக்குச் சாப்பிடு.

பாசமுள்ள அண்ணன்,
சிவசங்கர்

---

செஞ்சி
10.6.2025

அண்ணனுக்கு,

உன் கடிதத்தை ஜெஸிமா அக்கா கடையில், ஜாக்கெட் அளவு பார்ப்பது போல் திரைக்குப் பின்னால் நின்று படித்தேன். உன் மாப்பிள்ளை வெளியில் வண்டியில் காத்திருந்தார். நீ குளியலறையில், நான் திரைக்குப் பின்னால். நம் வீட்டுப் பிள்ளைகள் படித்து முன்னேறிய அழகு இது.

நாசூக்காகச் சொன்னாய் அல்லவா? அது எப்படி வந்து சேர்ந்தது என்று சொல்கிறேன். நீ போன் செய்த மறுநாள் அவர் மேசையைத் துடைத்து, பூ வைத்து, கேமராவை நிறுத்தினார். இன்றைக்கு அண்ணன் தங்கைப் பாசம் என்று லைவ் போடப் போகிறோம் என்றார். உன்னை அழைத்தார். நீயும் வந்தாய். நான் எழுதிய கடிதத்தை அதற்குள் படித்துவிட்டிருந்த நீ, "எப்படிம்மா இருக்க?" என்று ஊர் முன்னால் கேட்டாய். நான் நல்லா இருக்கேன்ணா என்றேன். நீ சிரித்தாய். அந்த நேரம் மேசைக்கு அடியில் என் சுண்டு விரல் அவர் கையில் இருந்தது. சிரிக்கச் சிரிக்க வளைத்துக்கொண்டே இருந்தார். லைவ் முடிகிறபோது விரல் முறிந்திருந்தது. ஆஸ்பத்திரியில் கதவில் மாட்டிக்கொண்டது என்று எழுதிக்கொண்டார்கள். சொன்னது நான்தான்.

எந்த ஆளை நம்புவது என்று கேட்டிருக்கிறாய். அந்த வீடியோ இன்னும் இருக்கிறது. போய்ப் பார். சத்தத்தை மூடிவிட்டு என் முகத்தை மட்டும் பார். நீ கேள்வி கேட்கிற இடத்தில் என் வலது தோள் மேலே ஏறுகிறது. சின்ன வயதில் கருவேல முள் குத்தியபோது நீதான் எடுத்துவிட்டாய். அப்போது என் தோள் எப்படி ஏறும் என்று உனக்குத் தெரியாதா?

இன்னொரு கூத்தையும் கேள். நான் கொஞ்ச நாளாக முழங்கையைத் தாண்டி, மணிக்கட்டு வரைக்கும் கை வைத்த ஜாக்கெட்தான் போடுகிறேன். ஏன் என்று ஜெஸிமா அக்காவுக்குத் தெரியும். அளவெடுக்கிறவரிடம் கையை எப்படி மறைப்பது? இப்போது செஞ்சியில் பெண்கள் வரிசையாக அவர் கடைக்கு வந்து 'எழில் அக்கா மாடல்' முழுக்கை வேண்டும் என்று கேட்கிறார்களாம். இந்த வெயிலில். அவரும் தைத்துக் கொடுத்துக்கொண்டுதான் இருக்கிறார். வேண்டாம் என்று சொல்லவும் முடியவில்லை, காரணம் சொல்லவும் முடியவில்லை.

போன செவ்வாய்க்கிழமை நான் அங்கே இருந்தபோது உன் அன்புக்கரசி வந்தாள். முகூர்த்தப் புடவைக்கு அதே மாடலில் ஜாக்கெட் தைக்கக் கொடுக்க வந்திருக்கிறாள். என்னைப் பார்த்ததும் சாமியைப் பார்த்த மாதிரி நின்றுவிட்டாள். நல்ல பெண் அண்ணா, கண்ணில் ஒரு கள்ளம் இல்லை. என் கையைப் பிடித்துக்கொண்டு, "உங்களப் பாத்துத்தாங்க்கா சரின்னு சொன்னேன். அவரும் உங்க வீட்டுக்காரர் மாதிரிதான் இருப்பாரு, இல்ல?" என்றாள்.

நான் சிரித்தேன். வேறு என்ன செய்யத் தெரியும் எனக்கு? அதற்குப் பிறகு சாப்பிட்ட சோற்றுக்கு ருசி இல்லை. என் சிரிப்பை நம்பி ஒருத்தி கழுத்தை நீட்டப் போகிறாள்.

கல்யாணத்துக்குப் பிறகு என்று சொல்லாதே. கல்யாணத்துக்கு முன்னால் என்னை இங்கிருந்து கூட்டிக்கொண்டு போ. அவளிடமும் நீயே உண்மையைச் சொல்லிவிடு. உன் வாயால் கேட்டால் அவள் உன்னை இன்னும் மதிப்பாள். இனிமேல் அவருக்குப் போன் செய்யாதே. கெஞ்சிக் கேட்கிறேன்.

எழில்

---

மஸ்கட்
28.6.2025

என் தங்கச்சிக்கு,

சத்தத்தை மூடிவிட்டுப் பார்த்தேன். தோள் ஏறுகிறது. அதற்குப் பிறகு பழைய வீடியோக்களையும் அப்படியே பார்த்தேன். எத்தனையோ இடத்தில் ஏறுகிறது. நான் எல்லாவற்றுக்கும் சூப்பர் என்று போட்டு வைத்திருக்கிறேன். வேலை செய்கிற இடத்தில் ஏணியில் நின்றபடி அழுதேன். கூட இருந்த மலையாளிப் பையன் யார் செத்தது என்று கேட்டான். அந்தப் போனைப் போட்ட என் கையை வெட்டிக்கொள்ளலாம் போல இருக்கிறது. நான் உன்னை நம்புகிறேன் எழில். இனி நம்பாமல் இருக்கமாட்டேன்.

ஆனால் ஒன்றைக் கேள், அவசரப்படாதே. எனக்கு லீவு ஆகஸ்ட் கடைசியில்தான் போட்டிருக்கிறார்கள். முன்னால் கேட்டால் சூப்பர்வைசர் முகத்தைத் திருப்புவான். கேட்டுப் பார்க்கலாம், கிடைக்குமா என்று தெரியவில்லை. அம்மா பத்திரிகை அடித்துப் பாதி ஊருக்குக் கொடுத்துவிட்டாள். பனமலையில் பேனர் வைக்கப் போகிறார்கள். அதில் என் படத்தைவிட உங்கள் இருவர் படம்தான் பெரிதாம். இந்த நேரத்தில் நீ வீட்டை விட்டு வந்தால் அவர்கள் என்ன நினைப்பார்கள்? இது முறிந்தால் எனக்கு இன்னொரு இடம் அமையாது. அம்மா தாங்கமாட்டாள்.

அன்புக்கரசியிடம் இப்போது எதுவும் சொல்லவேண்டாம். அவள் சின்னப் பெண், பயந்துவிடுவாள். தாலி ஏறட்டும். முதல் முடிச்சு நான் போடுவேன், மற்ற இரண்டு முடிச்சும் நாத்தனார் நீதானே போடவேண்டும்? நீ இல்லாமல் எனக்கு என்ன கல்யாணம்? முடிச்சைப் போட்டுவிட்டு நீ அவரோடு திரும்பிப் போகவேண்டாம், அப்படியே நம் வீட்டுக்கு வந்துவிடு. இது என் சத்தியம். அவர் கேமராவோடு வருவார்தான், இப்போது வேண்டாம் என்றால் சந்தேகம் வரும். அந்த ஒரு நாள் மட்டும் சிரித்துவிடு. எனக்காக.

அதுவரை அவர் கோபப்படும்படி எதுவும் செய்யாமல் பார்த்துக்கொள். விரலுக்கு மருந்து போடு.

உன் அண்ணன்,
சிவசங்கர்

---

தொண்டூர்
23.7.2025

சிவசங்கர் அண்ணனுக்கு,

இந்தக் கடிதத்தை ஜெஸிமா அக்காவின் தம்பி ஃபர்தீன் கையில் கொடுத்தனுப்புகிறேன். அவரும் மஸ்கட்டில்தான் வேலை பார்க்கிறார், லீவு முடிந்து நாளைக்குக் கிளம்புகிறார். தபாலை நம்ப நேரமில்லை. நாளை ஆடி அமாவாசை. மலையனூர் அம்மன் கோயில் கூட்டத்தால் பஸ்களில் கால் வைக்க இடமில்லை, அதிலும் தொங்கிக்கொண்டு செஞ்சிக்குப் போய் அவரிடம் சேர்க்க ஒரு ஆள் கிடைத்திருக்கிறார்.

நான் அந்த வீட்டை விட்டு வந்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை உன் கல்யாண அழைப்பு வீடியோ எடுக்கக் கோட்டைக்குக் கூட்டிப் போனான். (இனி அவனுக்கு 'ர்' போட எனக்குக் கை வரவில்லை.) யுனெஸ்கோ பட்டியலில் பெயர் வந்ததிலிருந்து கோட்டையில் கூட்டம் அலைமோதுகிறது. கோட்டைக்குள் இருக்கும் பழைய கல்யாண மகால் முன்னால் நிற்கவைத்து, "எங்க அண்ணன் கல்யாணத்துக்கு எல்லாரும் வந்து வாழ்த்தணும்" என்று சொல்லச் சொன்னான். எனக்கு வாய் வரவில்லை. திரும்பத் திரும்ப எடுத்தான். கடைசியில் கேமராவை அணைத்துவிட்டுப் பக்கத்தில் வந்து, தலையில் பூவைச் சரிசெய்வதுபோல் பின்மயிரைச் சுருட்டிப் பிடித்து, வீட்டுக்கு வா என்றான். அந்த வீட்டுக்கு வா என்பதன் அர்த்தம் எனக்குத் தெரியும்.

அப்போதுதான் காலேஜ் பெண்கள் ஒரு கூட்டமாக ஓடி வந்தார்கள். எழில் அக்கா, தணிகை அண்ணா, ஒரு செல்பி என்றார்கள். அவன் உடனே கையை எடுத்துச் சிரித்தான். நான் அந்தச் சிரிப்பைப் பார்த்தேன் அண்ணா. இத்தனை வருஷம் அந்தச் சிரிப்புக்கு நான்தான் பயந்தேன். அன்றைக்குத்தான் தெரிந்தது, அவர்கள் பார்க்கிறவரை அவனாலும் அதை இறக்க முடியாது.

செல்பி முடிந்ததும் ஒரு பெண்ணின் தோளில் கை போட்டுக்கொண்டு, வாங்கடி, பஸ் ஸ்டாண்டு வரைக்கும் உங்களோடே வருகிறேன் என்றேன். அவர்களுக்குத் தலைகால் புரியவில்லை. அவன் சிரித்துக்கொண்டே, "எழிலு, நம்ம வண்டி இருக்குதே" என்றான். "நீங்க கேமராவ எடுத்து வெச்சிட்டு பின்னால வாங்க மாமா" என்று நானும் சிரித்துக்கொண்டே சொன்னேன். ஒருத்தி அதையும் போனில் பிடித்துக்கொண்டிருந்தாள். அவன் கையாட்டினான். கையாட்டித்தான் ஆகவேண்டும். ஷேர் ஆட்டோவில் ஏழு பெண்களுக்கு நடுவில் நெருக்கி உட்கார்ந்தேன். அவர்கள் எனக்கு ஐஸ்கிரீம் வாங்கித் தருவதாகச் சண்டை போட்டார்கள்.

பஸ் ஸ்டாண்டில் தொண்டூர் பஸ் நின்றிருந்தது. அதில்தான் அவன் முதலில் தேடுவான் என்று தோன்றியது. பக்கத்தில் பனமலை வழியாகப் போகிற பஸ் கிளம்பிக்கொண்டிருந்தது, ஏறிவிட்டேன். திட்டமிட்டு ஏறவில்லை. ஆனால் டிக்கெட் வாங்கியதும், இங்கேதான் வந்திருக்கவேண்டும் என்று தெரிந்துவிட்டது.

அன்புக்கரசி வீட்டில் கூடத்துக்குள் போனதும் ஜாக்கெட் கையைச் சுருட்டிவிட்டுக் காட்டினேன். அவள் அப்பா சாமுண்டீஸ்வரி என்று மனைவியைக் கூப்பிட்டுவிட்டு எழுந்து வெளியே போய்விட்டார். பெண்பிள்ளை கையை நிமிர்ந்து பார்க்க அவரால் முடியவில்லை. அந்த அம்மா தேங்காய் எண்ணெயைச் சுடவைத்துக் கொண்டுவந்து தடவினார். அன்புக்கரசி அழவில்லை. எதிரில் உட்கார்ந்து நான் சொன்னதை எல்லாம் கேட்டாள். எல்லாம் முடிந்த பிறகு ஒரே ஒரு கேள்வி கேட்டாள்.

"இது உங்க அண்ணனுக்குத் தெரியுமாங்க்கா?"

உன்னைக் காப்பாற்ற ஒரு பொய் போதும். தெரியாது என்று சொல்ல எனக்கு ஒரு நொடி ஆகாது, பழகின வாய். நான் உன்னைப் பற்றி நல்லதாகச் சொல்லத்தான் நினைத்திருந்தேன். முள் எடுத்துவிட்ட கதையைக்கூடச் சொல்லியிருந்தேன். ஆனால் அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். இந்த முகத்தை நம்பி அவள் ஒரு தடவை ஏமாந்தது போதாதா? தெரியும் என்றேன். மே மாதத்திலிருந்தே தெரியும், ஒரு நாள் மட்டும் சிரிக்கச் சொன்னார் என்றும் சொன்னேன்.

அவள் என் ஜாக்கெட் கையை மணிக்கட்டு வரைக்கும் இறக்கிவிட்டாள். பிறகு, "உங்க வீட்டுக்காரர நெனச்சா எனக்குக் கோவம் வருது. உங்க அண்ணன நெனச்சாத்தான் பயமா இருக்குது" என்றாள்.

நீ யாரையும் கை நீட்டி அடிக்காதவன் என்று எனக்குத் தெரியும். அதை அவளிடம் சொன்னேன். அவளும் நம்பினாள். நாளைக்கு அவளுக்கு ஒன்று என்றால் நீ என்ன செய்வாய் என்பதுதான் அவளுக்குத் தெரியவில்லை. எனக்கும் தெரியவில்லை.

மறுநாள் அவள் அப்பாவே என்னைத் தொண்டூருக்குக் கொண்டுவந்து விட்டார். அம்மா கையைப் பார்த்தாள். பொங்கலுக்கே நான் இதைக் காட்டாமல் வாயால் மட்டும் சொன்னது என் முட்டாள்தனம் என்று அவளே திட்டினாள். திட்டிக்கொண்டே ரசம் வைத்தாள். அவன் இரண்டு தடவை வாசலுக்கு வந்து, மனைவியைத் தேடும் நல்ல கணவனாக நின்று பார்த்தான். அம்மா கதவைத் திறக்கவில்லை. போலீசில் எழுதிக் கொடுத்திருக்கிறேன். அங்கே இருந்த பெண் போலீஸ் ஒருத்தியும் என் வீடியோ பார்க்கிறவள்தான். என் முகத்தையும் பேப்பரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுத்தான் எழுதினாள்.

ஆவணி பிறக்கிற ஞாயிற்றுக்கிழமை செல்லப்பன் மாமாவும் பெரியவர்களும் நம் வீட்டில் கூடுகிறார்கள். இந்தத் தடவை டீவியைப் பரணில் ஏற்றிவிட்டேன். பனமலையிலிருந்தும் வருகிறார்கள். அன்புக்கரசி மாட்டேன் என்றும் சொல்லவில்லை, சரி என்றும் சொல்லவில்லை. நான் கிளம்பும்போது அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்.

"மாப்பிள்ளையா வர்றது அப்புறம் இருக்கட்டும். மொதல்ல உங்களுக்கு அண்ணனா வர்றாரான்னு பாக்கறேன்."

லீவு கிடைக்கவில்லை, சூப்பர்வைசர் முகத்தைத் திருப்பினான் என்று எனக்கு எழுதாதே. எழுதினால் பிரிக்கமாட்டேன். அந்த ஞாயிற்றுக்கிழமை என் பக்கத்தில் உட்கார ஒரு பாய் போட்டு வைத்திருப்பேன். அவள் எதிரில் உட்கார்ந்திருப்பாள்.

எழில்